முழுக்கைச் சட்டை நெசவாளிகள்

அத்தியாயம் 9

மூன்று மணிக்குத் தொழிலாளர் துறை அதிகாரி வந்துவிடுவார். இப்போதே மணி ஒன்பதரை. கையில் ஒன்றும் இல்லை.

துப்பறியும் ஏலவார்குழலி நெசவுக் கொட்டகையின் நடுவழியில் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு நடந்தாள். திரும்பினாள். மறுபடி நடந்தாள். அவளுக்காகப் போட்ட நாற்காலி காலியாகவே கிடந்தது. உட்கார்ந்தபடி யோசிக்க அவளுக்கு வராது.

"மேடம், இப்படியே நடந்தீங்கன்னா பாவு நூல் ஓட்டறீங்கன்னு நினைச்சு யாராவது கஞ்சி தடவிடப் போறாங்க," என்றான் வேணுகோபால். அவன் அவளுடைய உதவியாளன். சொந்த ஊர் பிள்ளையார்பாளையம். காஞ்சிபுரத்துக்கு வேலையாக வந்தால் அவன் வாய் இரண்டு மடங்கு நீளும்.

"வாயை மூடிக்கிட்டுக் கண்ணைத் திற, வேணு."

"ரெண்டும் ஒரே ஸ்விட்சு மேடம். ஒண்ண மூடினா இன்னொண்ணும் மூடிக்கும்."

இருபுறமும் தறிகள் ஓடிக்கொண்டிருந்தன. தறிச்சத்தத்துக்கு மேலே குரலை உயர்த்தி முதலாளி ராஜகோபால் பேசினார். நெற்றியில் சந்தனம் இன்னும் ஈரமாக இருந்தது. பட்டு வியாபாரிக்கே உரிய பொறுமையோடு, ஒரு புடவையை விரித்துக் காட்டுவதுபோல, ஒவ்வொரு பதிலையும் விரித்துக் காட்டினார்.

"எல்லாமே புதுசும்மா. தறியெல்லாம் ஆரணியில வாங்கினது. ஆளுங்க சுத்துப்பட்டு ஊர்லேர்ந்து புதுசா வந்தவங்க. என் பழைய ஆலை போன பங்குனியோட முடிஞ்சு போச்சு. இது என் சம்சாரம் லோகாம்பாளோட கம்பெனி. நான் இங்க சும்மா மேற்பார்வை."

"எப்போ தொடங்கினீங்க?"

"ஆகஸ்ட் ஒண்ணாம் தேதி."

வேணு விரலை மடக்கினான். "ஆகஸ்ட் ஒண்ணுன்னா ஆடி மாசம் வருதே சார். ஆடியில எங்க ஊட்ல புதுத் தொடப்பம்கூட வாங்க மாட்டாங்க. நீங்க கம்பெனியே தொறந்திருக்கீங்க."

ராஜகோபாலின் சிரிப்பு ஒரு கணம் நின்று, பிறகு மறுபடி ஓடியது. "வக்கீல் குறிச்ச தேதி தம்பி. கவர்மெண்டுக்குப் பஞ்சாங்கம் கிடையாதே."

"பழைய ஆலையோட வருகைப் பதிவு?"

"கரையான் அரிச்சுடுச்சும்மா."

"அதுக்காவது போனஸ் குடுத்தீங்களா சார்?" என்றான் வேணு.

விஷயம் இதுதான். புதிதாகத் தொடங்கிய தொழிலுக்குச் சட்டம் ஒரு சலுகை தருகிறது. முதல் சில ஆண்டுகள், லாபம் வருகிறவரை, தொழிலாளிக்குப் போனஸ் தர வேண்டியதில்லை. ஆனால் பெயர்ப் பலகையை மாற்றிவிட்டால் பழையது புதிதாகிவிடாது. இடம் மாறினாலும், முதலாளி மாறினாலும், ஆலை அதே ஆலைதான் என்று அதே சட்டம் சொல்கிறது. ராஜகோபால் தன் ஆலையை இழுத்து மூடினார். நான்கு மாதம் ஆட்களைப் பட்டினி போட்டார். பிறகு அடுத்த தெருவில் மனைவி பெயரில் திறந்துவிட்டு, புதிய தொழில், போனஸிலிருந்து விலக்கு வேண்டும் என்று விண்ணப்பம் போட்டிருக்கிறார். இது குழலிக்குத் தெரியும். நிரூபிக்கத்தான் முடியவில்லை.

அவள் ஒவ்வொரு தறியாக நின்று கேட்டுப் பார்த்துவிட்டாள். எல்லாரும் ஒரே பதிலைத்தான் சொன்னார்கள். "ஆடியிலதாம்மா வந்தேன்." சொல்லும்போது ஒருவரும் நிமிரவில்லை. நான்கு மாதம் அடுப்பெரியாத வீட்டிலிருந்து வந்தவர்களை அவளால் குறைசொல்லவும் முடியவில்லை.

வேறொன்றுதான் அவளை உறுத்தியது. புரட்டாசிப் புழுக்கத்தில், ஓட்டுக் கூரையின் கீழே, நெசவாளிகள் அத்தனை பேரும் வெள்ளை முழுக்கைச் சட்டை போட்டிருந்தார்கள். மணிக்கட்டுவரை பொத்தான். முதுகில் வியர்வை ஒட்டியிருந்தது. தறியில் உட்காருகிறவன் வெற்று மார்போடு, தோளில் ஒரு துண்டோடு உட்காருவதுதான் இந்த ஊர் வழக்கம்.

"என்ன சார் இது, எல்லாரும் கலெக்டர் ஆபீஸ் குமாஸ்தா மாதிரி?" என்று வேணுவே கேட்டுவிட்டான்.

"புதுக் கம்பெனி. யூனிபாரம்," என்றார் ராஜகோபால்.

அவர் அப்படிச் சொன்னபோது பக்கத்துத் தறிக்காரன் தன் சட்டைக் கையைப் பல்லால் கடித்து மேலே தள்ள முயன்றான். முதலாளியின் கண்ணைப் பார்த்துவிட்டு விட்டுவிட்டான். பொத்தான் உரசினால் பட்டு இழை அறும். பட்டு விற்கிற மனிதருக்கு அது தெரியாதா? தெரிந்தும் போடச் சொல்கிறார் என்றால், அறுந்துபோகிற இழையைவிடப் பெரிய ஏதோ ஒன்றை அவர் காப்பாற்றுகிறார். என்ன அது?

கொட்டகையின் கோடியில் ஒரு தறி மட்டும் மஞ்சள் துணியால் மூடிக் கிடந்தது. அதன்மேல் காய்ந்த மாலை.

"இது?"

ராஜகோபாலின் குரலே மாறியது. கன்னத்தில் போட்டுக்கொண்டார். "எங்க குலதெய்வத்துக்கு நெய்யறதும்மா. தாமல் ஏரிக்கரையில இருக்கா. வருஷத்துக்கு ஒரு பட்டு. வெள்ளிக்கிழமை மட்டும்தான் இந்தத் தறி ஓடும். நவராத்திரியில சாத்துவோம். எங்க அப்பா காலத்துலேர்ந்து வழக்கம்."

அவரே பெருமையோடு துணியின் ஓரத்தைத் தூக்கிக் காட்டினார். மாம்பழ மஞ்சளில் உடல், கத்தரிப்பூக் கரை. நெய்து சுருட்டிய பகுதி கனமாக இருந்தது. புடவை முடியும் நிலையில் இருந்தது.

குழலி நடையை நிறுத்தினாள்.

வெளியே வந்ததும் வேணு சொன்னான்: "ஆடியில வாங்கின தறி. வாரத்துக்கு ஒரு நாள் வேலை. ஆனா புடவை முடியப் போவுது. ஆத்தாளே ராவுல வந்து நெய்யறாளோ?"

"அந்தத் தறி பழைய ஆலையிலிருந்து வந்தது. அவர் பக்தியில வாயை விட்டுட்டார்," என்றாள் குழலி. "ஆனா ஒரு தறி போதாது. சாமித் தறி மட்டும் பழசுன்னு சொல்லித் தப்பிச்சுடுவார்."

"அப்போ?"

"போன வருஷப் புடவையைப் பார்க்கணும். நெசவுல ஆளுக்கு ஆள் கை மாறும்; ரெண்டையும் ஒப்பிட்டா நெஞ்சது இதே ஆளுங்கதான்னு காட்டிடலாம். தாமலுக்குப் பஸ் எப்போ?"

தெருமுனைக் குழாயடியில் ஒரு பெண் நின்றிருந்தாள். நாற்பது வயது இருக்கும். நெற்றியில் விபூதிக் கீற்று. ஜெயம்மாள். ராட்டையில் பட்டு நூல் சுற்றுகிறவள். முப்பதுக்கு மேற்பட்ட தொழிலாளிகளில், இது பழைய ஆலைதான் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டவள் அவள் ஒருத்திதான். போட்ட மறுநாளே வேலையை விட்டு நிறுத்திவிட்டார்கள்.

"இன்னாம்மா, எதுனா கிடைச்சுதா?"

"கிடைக்கும்."

"கிடைக்காட்டி சொல்லிடும்மா. நான் இப்பவே மெட்ராஸுக்குப் பாத்திரம் தேய்க்கப் போயிக்கினு இருப்பேன். முதலாளி நான் பொய் சொன்னேன்னு ஆபீசர் வாயாலயே சொல்ல வெச்சுட்டாருன்னா, அப்புறம் இந்த ஊர்ல ஒருத்தன் எனக்கு ராட்டை குடுக்க மாட்டான். பாத்திரம் தேய்க்கற கை இல்லம்மா இது. நூல் சுத்தற கை."

"உள்ளே இருக்கறவங்க யாராவது உனக்காகப் பேசுவாங்களா?"

ஜெயம்மாள் கொட்டகைப் பக்கம் பார்த்தாள். "பதினஞ்சு வருசமா ஒண்ணா வேலை செஞ்சவங்க. இப்ப என்னைப் பாத்தா தறியைப் பாக்கறாங்க." பிறகு மெதுவாக, "அவங்களையும் சொல்லக்கூடாது. அவங்க வூட்டு அடுப்பு எனக்குத் தெரியும்," என்றாள்.

"மூணு மணிக்கு நீ அங்கே இருக்கணும்."

"இருப்பேம்மா. வாசல்ல இருப்பேன்."

பஸ் பாலுச்செட்டிசத்திரத்தில் நின்றது. நின்றுகொண்டே இருந்தது. ஓட்டுநர் இறங்கி டீ குடித்தார். குழலி படிக்கட்டுக்கும் சீட்டுக்கும் இடையே நடந்தாள். நடத்துநர், "உள்ள நடக்கறதுக்குத் தனி டிக்கெட் இல்லம்மா," என்றார்.

"குடுத்தா வாங்கிக்குவாங்க," என்றான் வேணு. "நடந்தே தாமல் போய்ச் சேர்ந்துடுவாங்க, பஸ்ஸுக்கு முன்னாடி."

தாமல் ஏரி பாதி நிறைந்திருந்தது. கரைமேல், ஒரு வேப்பமரத்தடியில், ஆள் உயரத்துக்கு ஒரு சின்னக் கோயில். முன்னால் ஒரு சூலம். பக்கத்து வயலிலிருந்து சேற்றுக்காலோடு செல்லியம்மாள் ஏறி வந்தாள். அவள் குடும்பம்தான் அந்தக் கோயிலுக்கு விளக்கேற்றுகிறது. காஞ்சிபுரத்து முதலாளி பேரைச் சொன்னதும் அவள் முகம் கடுத்தது.

"அந்த ஆளா? போய்ப் பாரும்மா உள்ள. நீயே பாரு. பட்டு முதலாளி ஆத்தாளுக்கு இன்னா கட்டிட்டுப் போயிருக்கான்னு."

குழலி குனிந்து பார்த்தாள். அம்மன் மேல் பூப்போட்ட மலிவு நைலக்ஸ் புடவை.

வேணு வாயைத் திறந்து, மூடி, மறுபடி திறந்தான். "மேடம், ஸ்விட்சு வேலை செய்யல."

"முந்தாநாள் கார்ல வந்தான்," என்றாள் செல்லியம்மாள். "போன வருசப் பட்டு அழுக்காயிடுச்சு, தோச்சுக் குடுத்தனுப்பறேன்னான். நவராத்திரிக்கு இன்னும் பத்து நாளுகூட இல்ல, புதுசு வரப் போவுது, இப்ப எதுக்குப்பா தோய்க்கறேன்னு கேட்டேன். பதில் சொல்லாம உருவிக்கினு, இதைச் சுத்திட்டுப் போயிட்டான். வழியில எந்தக் கடையில வாங்கினானோ."

குழலி கரையில் இறங்கினாள், ஏறினாள். அவர் முந்திக்கொண்டுவிட்டார். பக்தியில் வாயை விட்டவர் என்று நினைத்தாள். இல்லை. ஒப்பிட்டுப் பார்க்க ஒன்றும் மிச்சமில்லை என்று தெரிந்துகொண்டுதான் அவ்வளவு தாராளமாகத் துணியைத் தூக்கிக் காட்டியிருக்கிறார். தன்னைப் பஸ் ஏற்றி வெயிலில் அனுப்பிவைத்திருக்கிறார். மணி பன்னிரண்டு தாண்டிவிட்டது.

"அந்தப் புடவையிலேர்ந்து ஒரு இழையாவது இங்கே விழுந்து கிடக்குமாம்மா? முந்தி நூல், குஞ்சம், ஏதாவது?"

"குஞ்சமா? அது இங்க வரவே வராதே. அதை அங்கயே அறுத்துடுவாங்க."

"எங்கே?"

"ஆலையிலதான். இன்னாம்மா, உனக்குத் தெரியாதா?" செல்லியம்மாள் சூலத்தடியில் உட்கார்ந்தாள். "புடவையைத் தறியிலேர்ந்து எடுத்ததும் முந்தியில தொங்கற நூலை அறுத்து, திரிச்சு, காப்பா கட்டுவாங்க. ஆலையில வேலை செய்யற ஆளுங்களுக்கு மட்டும்தான். ஆம்பளைங்களுக்குக் கையில, சுமங்கலிங்களுக்குத் தாலிக் கயித்துல. லோகாம்பாள் கையாலதான் கட்டும். ஒரு இழை இங்க வரும். இதோ."

சூலத்தின் கழுத்தில் ஒரு முடிச்சு. அரக்கு நூலும் பச்சை நூலும் திரித்து, நடுவில் ஒரு ஜரிகை இழை. வெயிலில் நிறம் இறங்கியிருந்தது. ஜரிகை இன்னும் மின்னியது.

"இது போன வருஷத்துது?"

"ஆமா. இந்த வருசத்துது வர்ற வரைக்கும் அவுக்கக்கூடாது. அவுத்தா ஆலையில கொள்ளி விழுந்துடும்னு அவங்க அப்பா சொல்லிவெச்சுட்டுப் போயிருக்காரு. தறி பூரா மரம், சரக்கு பூரா பட்டு. பயம் இருக்காதா? புடவையைக் கொண்டுபோனவன் இதைத் தொட்டானா பாரு. தொடல."

குழலி அந்த முடிச்சையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு வேணுவைப் பார்த்தாள். வேணு தன் சட்டைக் கையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அவுக்கச் சொல்ல முடியாது," என்றான் மெதுவாக. "அதான் மேடம், மூடச் சொல்லிட்டாரு."

வேலூரிலிருந்து கடலைப் புண்ணாக்கு ஏற்றி வந்த லாரி ஒன்றில்தான் திரும்பினார்கள். மூட்டைமேல் உட்கார்ந்து வந்த வேணு, காஞ்சிபுரம் வருவதற்குள், "மேடம், வழியில எந்த மாடாவது நம்மளைப் பாத்து ஆசைப்பட்டா, கேஸ் அங்கயே முடிஞ்சுது," என்று மூன்று தடவை சொல்லிவிட்டான். குழலிக்குக் காதில் விழவில்லை. வழியெல்லாம் அவள் விரல்கள் முழங்காலில் தட்டிக்கொண்டே வந்தன.

கொட்டகையில் தறிகள் நின்றிருந்தன. அந்த அமைதியே ஒரு மாதிரியாக இருந்தது. தொழிலாளர் துறை அதிகாரி காசிநாதன் நடுவில் மேஜை போட்டு உட்கார்ந்திருந்தார். மெலிந்த மனிதர். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துத் துடைத்து மாட்டினார். தொழிலாளிகள் சுவரோரமாக நின்றார்கள். முழுக்கைச் சட்டைகள். பொத்தான்கள். ஜெயம்மாள் வாசற்படிக்கு வெளியே நின்றாள்.

"எல்லாரும் ஆடி மாசம்தான் இங்கே முதல் தடவையா வந்ததாச் சொல்றாங்க," என்றார் அதிகாரி. "இந்த அம்மா ஒருத்தர்தான் வேறே சொல்றாங்க. உங்க தரப்பில் ஏதாவது இருந்தா இப்பவே சொல்லுங்க. இன்னிக்கு நான் அறிக்கையை முடிச்சாகணும்."

குழலி மேஜையருகே போனாள். தாமல் வழக்கத்தைச் சொன்னாள். காப்பைச் சொன்னாள். எப்போது கட்டுவார்கள், யாருக்குக் கட்டுவார்கள், எதுவரை அவிழ்க்கமாட்டார்கள் என்று சொன்னாள்.

"போன நவராத்திரிக் காப்பு, பழைய ஆலைத் தொழிலாளிக்கு மட்டுமே கட்டினது. இவங்க ஆடியில் வந்தவங்கன்னா இவங்க கையில் அது இருக்கக்கூடாது. சட்டைக் கையைத் திறக்கச் சொல்லுங்க, சார்."

சுவரோரத்தில் ஓர் அசைவு. சிலர் கையைப் பின்னால் கொண்டுபோனார்கள்.

ராஜகோபால் பதறவில்லை. சிரித்தார்.

"திறக்கட்டும் சார். யாரு வேணாம்னது? ஏரிக்கரை ஆத்தா காப்பு. சுத்துப்பட்டு ஊர்க்காரங்க யாரு வேணும்னாலும் கட்டிக்கலாம். இவங்க எல்லாம் அந்தப் பக்கத்து ஆளுங்கதானே? கையில இருந்தா இருந்துட்டுப் போவுது. அதுல இன்னா நிரூபணம்?" அவர் வாசல் பக்கம் திரும்பினார். "ஆனா இந்தத் துப்பறியற அம்மா சொல்றதையே வெச்சுக்குவோம். காப்பு இருந்தா என் பழைய ஆளு. இல்லன்னா இல்ல. சரியா? அப்போ பெட்டிஷன் போட்ட ஜெயம்மா, அவ காட்டட்டும் முதல்ல. பதினஞ்சு வருசம் என்கிட்ட வேலை செஞ்சேன்னு எழுதியிருக்காளே. அவ காப்பு எங்க?"

எல்லாரும் வாசலைப் பார்த்தார்கள். ஜெயம்மாளின் இரண்டு கைகளும் வெறுமையாக இருந்தன. கழுத்தும் வெறுமையாக இருந்தது.

குழலிக்கு அப்போதுதான் உறைத்தது. ஆம்பளைக்குக் கையில். சுமங்கலிக்குத் தாலிக் கயிற்றில். செல்லியம்மாள் சொன்னபோது அவள் காது கேட்டது, மூளை கேட்கவில்லை. குழாயடியில் அந்த விபூதிக் கீற்றைப் பார்த்தும் ஒன்றோடொன்று முடிச்சுப் போடவில்லை. காப்பைப் பற்றி ஜெயம்மாள் ஏன் ஒரு வார்த்தை சொல்லவில்லை என்றும் யோசிக்கவில்லை. ஒரு கருவியைத் தேடிக் கண்டுபிடித்து, தானே கொண்டுவந்து, ராஜகோபால் கையில் கொடுத்துவிட்டாள். அது இப்போது ஜெயம்மாளை அறுக்கப் போகிறது.

வேணுவுக்கும் நகைச்சுவை வரவில்லை. "மேடம்," என்றான் தாழ்வாக. அவ்வளவுதான்.

காசிநாதன் பேனாவை எடுத்தார். "என்னம்மா, பதில் சொல்லு. உனக்கு ஏன் கட்டல?"

"தாலி அறுத்தவளுக்கு யாருங்கய்யா கட்டுவாங்க?" என்றாள் ஜெயம்மாள்.

காசிநாதன் எடுத்த பேனாவைக் கீழே வைத்தார்.

"வருசா வருசம் அந்த வெள்ளிக்கிழமை என்னைக் கிணத்தடியில நிக்கச் சொல்லுவாங்க. நிப்பேன். பழைய ஆலையில கிணறு வாசலுக்கு நேரா இருக்குதுங்க. உள்ள நின்னவங்களுக்கு அவங்கவங்க கைதான் தெரியும். எனக்கு எல்லார் கையும் தெரியும்."

"என்ன தெரிஞ்சுது?"

"போன வருசம் ஆம்பளைங்க எல்லாருக்கும் வலது கையில கட்டினாங்க. பழனி அண்ணனுக்கு மட்டும் இடது கையில."

"ஏன்?"

"சாயக் கொப்பரை சரிஞ்சு அவரு வலது மணிக்கட்டு வெந்து போயிருந்தது அய்யா. துணி சுத்தியிருந்தாரு. இடது கையில காப்பு கட்டலாமான்னு லோகாம்மா தயங்கினாங்க. கட்டாம விட்டா ஆலைக்கு ஆவாதுன்னு முதலாளிதான் சொன்னாரு. 'வேலை செய்யற கை எதுவா இருந்தா இன்னா, கட்டு'ன்னாரு. நல்ல வார்த்தை. அதனால ஞாபகம் இருக்குது."

காசிநாதன் கண்ணாடியைத் துடைக்க எடுத்தவர், துடைக்காமலே மாட்டிக்கொண்டார்.

"இங்கே பழனி யாரு?"

சுவரோரத்திலிருந்து ஒருவர் ஒரு அடி முன்னால் வந்தார். நகங்களில் சாயம் ஏறிக் கறுத்திருந்தது. ராஜகோபால் அவரையே பார்த்தார். அந்தப் பார்வையில் நான்கு மாதப் பட்டினி இருந்தது.

பழனி குனிந்து தன் சட்டைக் கைகளைப் பார்த்தார். பிறகு வாசலைப் பார்த்தார். காலையிலிருந்து அந்தப் பக்கம் திரும்பாத மனிதர்.

முதலில் இடது கைப் பொத்தானைக் கழற்றினார். சாயக் கறை படிந்த விரலுக்கு அது சுலபமாக வரவில்லை. கையைச் சுருட்டினார். அரக்கும் பச்சையும் திரித்த கயிறு. நடுவில் ஒரு ஜரிகை இழை. பிறகு வலது கை. அங்கே கயிறு இல்லை. மணிக்கட்டைச் சுற்றி, பழைய, பளபளப்பான வெந்த தழும்பு.

"யாராவது சொல்லிக் குடுத்திருப்பாங்க," என்றார் ராஜகோபால். இந்தத் தடவை குரல் விரியவில்லை.

"யாரு?" என்று கேட்டார் காசிநாதன். "சொல்லிக் குடுக்கறதுக்குத் தெரிஞ்சிருக்கணுமே. இவங்க எல்லாரும் ஆடியில்தான் ஒருத்தரையொருத்தர் முதல் தடவையாப் பார்த்தவங்கன்னு நீங்கதான் எழுதிக் குடுத்திருக்கீங்க. போன நவராத்திரியில் இவர் கை வெந்தது இங்கே மத்தவங்களுக்கு எப்படித் தெரியும்? இந்தம்மாவுக்கு எப்படித் தெரியும்?"

ராஜகோபால் சந்தனத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

"அய்யா," என்றார் பழனி. தொண்டையைச் செருமினார். "நான் ஆடியில வரல. பதினேழு வருசமா இவர்கிட்டதான் இருக்கேன். பயந்துக்கினு சொன்னோம். தறியும் அதேதான். நாங்கதான் ராத்திரியில தூக்கிக்கினு வந்தோம்."

பக்கத்தில் நின்றவன் தன் பொத்தானைக் கழற்றினான். அடுத்தவன். அதற்கடுத்தவன். ஒருவன் கழற்றப் பொறுமையில்லாமல் இழுத்துவிட்டான். பொத்தான் தெறித்து வேணுவின் காலடியில் வந்து விழுந்தது. வலது கைகள். எல்லாம் வலது கைகள்.

காசிநாதன் ஒவ்வொருவராகப் பெயரைக் கேட்டார். எத்தனை வருஷம் என்று கேட்டார். அவர்கள் சொல்லிக்கொண்டே வந்தார்கள். முதலில் முணுமுணுப்பாக இருந்தது. ஐந்தாறு பேருக்குப் பிறகு குரல் சரியாக வந்தது. ராட்டைப் பக்கம் நின்ற பெண்களும் முன்னால் வந்தார்கள்.

ஜெயம்மாள் கேட்டுக்கொண்டு நின்றாள். முகத்தில் மகிழ்ச்சி என்று சொல்லும்படி ஒன்றும் இல்லை. ஒவ்வொரு குரல் வரும்போதும், அது யாருடையது என்று பார்த்தாள்.

"விலக்குக்கு இடமில்லைன்னு பரிந்துரை எழுதறேன்," என்றார் காசிநாதன். "விசாரணை முடியறவரை யாரையும் வேலையிலிருந்து நிறுத்தக்கூடாது. இந்தம்மாவை நாளையிலிருந்து சேர்த்துக்கணும். அதையும் எழுதறேன்."

ராஜகோபால் எதற்கோ தலையசைத்தார். பழனி வாசல்வரை வந்தார்.

"உள்ள வாம்மா. இன்னும் ஏன் வெளியவே நிக்கற?"

"இரு அண்ணா," என்றாள் ஜெயம்மாள். "எழுதறேன்னுதானே சொல்லியிருக்காரு."

அவளோடு சேர்ந்து பழனியும் வாசலிலேயே நின்றுகொண்டார். உள்ளே அதிகாரியின் பேனா காகிதத்தில் நகர்ந்தது, நின்றது, மறுபடி நகர்ந்தது. ஜெயம்மாள் அதிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

காசிநாதன் கையெழுத்துப் போட்டார். மை காய ஊதினார். பேனாவை மூடினார்.

அதன் பிறகுதான் ஜெயம்மாள் வாசற்படியைத் தாண்டி உள்ளே வந்தாள். அவளுக்குப் பதிலாக வந்து அவளுடைய ராட்டையருகில் நின்றிருந்த பெண் சட்டென்று நகர்ந்து வழிவிட்டாள்.